ஊமைப்பட தேசப்பனின் குரல்

ராயபுரத்தில் தேசப்பனோடு வாய் கொடுத்து மீண்டவர் யாரும் கிடையாது. அப்பேர்ப்பட்ட வாய்க்காரர் பதினேழு படங்களில் நடித்தும் ஒரு சொல்கூட வெளியே கேட்டதில்லை. எல்லாம் ஊமைப்படங்கள். அரக்கன், கிழ ரிஷி, கொடுங்கோல் மந்திரி; ஒரு படத்தில் ஆள் கிடைக்காமல் மாமியார். அம்மைத் தழும்பு முகத்துக்குக் கதாநாயகன் வேஷம் எவன் கொடுப்பான்? அதனால் என்ன கெட்டுப்போயிற்று? அந்தக் கதாநாயகர்களின் முகம் ஒருவருக்கும் ஞாபகமில்லை. தேசப்பனின் அரக்கனைப் பார்த்து ஜுரம் கண்டவர்கள் எங்கள் தெருவிலேயே நான்கு பேர் இருந்தார்கள்.

பேசும்படம் வந்ததும் அவரையும் ஒருமுறை கூப்பிட்டுப் பார்த்தார்கள். ஊமைப்படத்தில் காமிரா ஓட ஓட டைரக்டர் பக்கத்தில் நின்று கத்துவார்: சிரி, முறை, விழு. அதற்கே பழகியவர், பேசும்பட அறையில் யாராவது கத்துவார்கள் என்று கல்லுப்பிள்ளையார் மாதிரி காத்து நின்றார். ஃபிலிம்தான் ஓடித் தீர்ந்தது. மறுமுறை வாயைத் திறந்தபோது வசனம் எழுதியவர் விழுந்து விழுந்து சிரித்தார். “இந்தப் பாஷைக்கு எவன் டிக்கெட் வாங்குவான்?” என்றார்.

“எங்கம்மா குடுத்த பாஷை சார் இது. நீ வாங்கலன்னா பூடு,” என்று சொல்லிவிட்டு தேசப்பன் நடந்தே வீடு வந்து சேர்ந்தார்.

பிறகு இருபது வருஷம் துறைமுகம். கப்பல் பள்ளத்துக்குள் சரக்கு இறங்கும்போது கிரேன்காரனுக்குக் கையால் சைகை காட்டும் வேலை. அங்கே இருக்கும் இரைச்சலில் தொண்டை கிழியக் கத்தினாலும் கேட்காது. புருவத்தை ஒரு தூக்குத் தூக்கி அவர் கையை அசைத்தால் டன் கணக்கில் இரும்பு அப்படியே அந்தரத்தில் நிற்கும்.

ஐம்பத்து மூன்றாம் வருஷம் ஒரு சினிமா கம்பெனி கடற்கரைக்குப் படம் பிடிக்க வந்தது. பழைய முகம் ஒன்று வேண்டுமென்று இவரைத் தேடிப் பிடித்தார்கள். வேஷம் என்னவென்றால், சரக்கு விழுந்து செத்தவனின் கூட்டாளி ஒருவன் காண்ட்ராக்டரிடம் போய்ப் பிணத்தைக் கேட்க வேண்டும். அதையும் வேட்டியைத் தூக்கிக் கட்டி, பல்லை இளித்து, குதித்துக் குதித்துக் கேட்க வேண்டுமாம். படத்துக்குச் சிரிப்பு போதவில்லையாம்.

“பொணம் கீது சார். பொணத்துக்கு முன்னால எவன் குதிப்பான்? நான் கேக்கறா மாதிரி கேக்கறேன், உடு.”

டைரக்டருக்குத் தெரியாது, எங்களுக்குத் தெரியும். ஐந்து வருஷத்துக்கு முன்பு தேசப்பனின் தம்பி திருமலை அப்படித்தான் செத்தான். கையெழுத்து, முத்திரை என்று அரைநாள் உடலைத் துறைமுகக் கேட்டுக்கு உள்ளேயே வைத்திருந்தார்கள். வெளியே வெயிலில் தேசப்பன் கேட்டுக்கொண்டே நின்றார். அன்று கேட்டதைத்தான் காமிராவின் முன்னாலும் கேட்டார். எழுதிக் கொடுத்த பெயரை விட்டுவிட்டுத் தம்பி பெயரையே சொன்னார். காண்ட்ராக்டராக நடித்தவர் தன் வசனத்தை மறந்து நின்றார்.

கடல் காற்றில் சத்தம் பாழ். “முகம் பிரமாதம். குரலைப் பிறகு ஸ்டுடியோவில் எடுத்துக்கொள்கிறோம்,” என்றார் டைரக்டர். ஊமைப்படத்துக்காரர் நம்பிவிட்டார். ஒருவன் வாய்க்குள் இன்னொருவன் குரலை வைக்க முடியும் என்று அவருக்கு எப்படித் தெரியும்? பீடியை விட்டார். பனங்கற்கண்டு போட்டு வெந்நீர் குடித்தார். விடிந்ததும் ஒத்திகை.

“பேஜாரா பூச்சுய்யா! தெனம் காலங்காத்தால பொணம் கேட்டுகினு கீற. அக்கம்பக்கத்துல இன்னா நெனைப்பாங்க?” என்று அவர் மனைவி புஷ்பவல்லி தலையில் அடித்துக்கொண்டாள்.

ஸ்டுடியோவிலிருந்து ஆள் வரவே இல்லை. படம்தான் வந்தது.

முதல் நாள் தெருவே திரண்டு போனோம். திருமலையின் மனைவி குணசுந்தரி பெண்கள் பக்கம் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். திரையில் தேசப்பன் முகம் வந்ததும் விசில் கூரையைப் பிய்த்தது. அவர் வாய் திறந்தார். உள்ளிருந்து எவனோ ஒரு கோமாளியின் கீச்சுக் குரல் வந்தது. வாயசைவுக்குப் பொருந்த வேண்டுமே என்று திருமலையின் பெயரையும் விடாமல் இழுத்து இழுத்துச் சொன்னது. கொட்டகை கொல்லென்று சிரித்தது. என் சிரிப்பும் அதில் இருந்தது. இன்றுவரை அதற்காக வெட்கப்படுகிறேன். குணசுந்தரி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு எழுந்து போனாள்.

மறுநாள் மாலை ஆட்டத்துக்கு தேசப்பன் தரை டிக்கெட் வாங்கினார். அந்தக் காட்சி வந்ததும் திரைக்குக் கீழே போய் நின்று, கீச்சுக் குரலுக்கு மேல் தன் குரலில் பேச ஆரம்பித்தார். பிடித்து வெளியே தள்ளினார்கள். அடுத்த நாளும் போனார். அதற்கடுத்த நாளும் போனார். மேனேஜர் ராமசுப்பு, திருநெல்வேலிப் பக்கத்துக்காரர், வாசலிலேயே மறித்துக்கொண்டார்.

“ஏம்வே தெனமும் கத்துதீரு? அதான் படத்துல பேசுதாம்லா?”

“அது என் மூஞ்சி. அதுல எவனோ பூந்துகினு என் தம்பி சாவை நக்கல் பண்றான். உன் தம்பி பேரைச் சொல்லி எவனாச்சும் இளிச்சா, நீ டிக்கெட் கிழிச்சிகினு நிப்பியா?”

ராமசுப்பு தரையைப் பார்த்தார். பிறகு, நாளைக்கு வந்தால் போலீஸ் வரும் என்றார்.

நாளைக்கு போலீஸும் வந்தது, தேசப்பனும் வந்தார், அவர் கையைப் பிடித்துக்கொண்டு குணசுந்தரியும் வந்தாள். காட்சி வந்தது. அவர் எழுந்தார். கான்ஸ்டபிள் தடியோடு நெருங்கினான். திரையில் வாய் திறந்தது. ஆனால் சத்தம் இல்லை. மேலே ஆபரேட்டர் சௌக்கத் அலி சவுண்டை நிறுத்தியிருந்தான்.

“எங்க திருமலை செத்துப் பூட்டான், நைனா. கேட்டைத் தொற. எங்க ஆளை நாங்க வூட்டுக்கு எடுத்துகினு போறோம்.”

திரையில் இருந்த வாயும் கீழே நின்ற வாயும் ஒன்றாகவே அசைந்தன. கான்ஸ்டபிள் நின்ற இடத்திலேயே நின்றான். ராமசுப்பு மாடியேறி ஆபரேட்டர் அறைக் கதவை உடைத்துவிடுவதுபோல் தட்டினார். “மிஷின் ரிப்பேரு சார்!” என்று உள்ளிருந்து பதில் வந்தது.

அந்தப் படம் எங்கள் கொட்டகையில் மேலும் பத்தொன்பது நாள் ஓடியது. பத்தொன்பது நாளும் மாலை ஆட்டத்தில், சரியாக அதே இடத்தில், மிஷின் ரிப்பேரானது. ஐந்தாம் நாளிலிருந்து ராமசுப்பு தட்டுவதை விட்டுவிட்டார். குணசுந்தரி முன்வரிசையில் உட்கார்ந்து, தன் புருஷன் பெயர் ஒழுங்காகச் சொல்லப்படுவதைக் கடைசி நாள் வரைக்கும் கேட்டாள்.