மழை வந்தால்தான் பேட்டி

நோர்வூட்டுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்து லயம்; ஒரே கூரையின் கீழ் சுவரோடு சுவராக வரிசை வீடுகள். பழைய படைவீரர்களின் கதைகளைப் பதிவு செய்து வைக்கலாம் என்று வந்து, பால் கலக்காத பிளேன்டீயில் மூன்றாவது கோப்பையில் இருக்கிறேன். எதிரே ஓய்வுபெற்ற சிப்பாய் சவரிமுத்து ஐயா வாயைத் திறக்காமல் வானத்தையே பார்க்கிறார்.

"மழை வரட்டுங்க தம்பி. இங்க தும்முனா கடைசி வீட்டுல இருந்து 'நூறு'ங்குறாங்க. இத நான் யார்கிட்டயும் சொன்னதில்ல."

மழை வருகிறது. தகரக் கூரை அதிர்கிறது. ஐயா என் காதோடு வாயை வைத்துக் கத்துகிறார். காவல் முறை, பனிமூட்டம், புதருக்குள் சலசலப்பு என்று எனக்கே துண்டு துண்டாகத்தான் கேட்கிறது. ரெக்கார்டரில் மழை மட்டும்தான் ஏறும். வந்த வேலை பாழ் என்று மனதுக்குள் திட்டிக்கொண்டிருக்கும்போதே, குழாயை மூடியதுபோல மழை நிற்கிறது. ஐயாவின் கத்தல் நிற்கவில்லை.

"தோள்ல தொங்குன துவக்க கீழ போட்டுட்டு, ரெண்டு கையயும் தூக்கி, ஒரு கொரங்குகிட்ட சரணடைஞ்சிட்டேங்க!"

சுவருக்கு அந்தப் பக்கமிருந்து ஒரு பெண் குரல் அக்கறையாக விசாரிக்கிறது.

"அப்பறம் விட்டுருச்சா அண்ணே?"

ஐயா ரெக்கார்டரை ஒரு பார்வை பார்க்கிறார். முதுகை நிமிர்த்திக்கொள்கிறார்.

"விட்டுருச்சி. தொப்பிய மட்டும் குடுத்துட்டு வந்தேன்."