பாறுகளை விரட்டிய நாள்

டாக்டரம்மாவை நினைத்தால், வறண்ட ஓடைப் பள்ளத்து மணலில் செருப்பில்லாமல் நின்று எவர்சில்வர் தட்டைக் கரண்டியால் அடித்துக்கொண்டிருந்த அவருடைய உருவம்தான் எனக்கு முதலில் கண்ணில் வரும். முடி அவிழ்ந்து தோளில் கிடந்தது. தொண்டை கட்டிப்போய் சத்தம் வரவில்லை. எதிரே நீர்மருத மரத்தில் ஐந்து பெரிய பறவைகள் கழுத்தை உள்ளிழுத்துக்கொண்டு உட்கார்ந்து அவரையே பார்த்துக்கொண்டிருந்தன. அந்தப் பறவைகள் திரும்பி வரவேண்டும் என்று வேலையில் சேர்ந்த நாளிலிருந்து ஏங்கியவர் அவர். அவை வந்து இறங்கிய அன்று, அவரே அவற்றைக் கல்லெடுத்து விரட்ட வேண்டியதாகிவிட்டது.

நான் அப்போது மாயாற்றங்கரைக் காட்டோரத்தில் இருந்த ஒரு கால்நடை மருந்தகத்தில் கால்நடை ஆய்வாளராக இருந்தேன். ஓய்வு பெறுவதற்குச் சில வருடங்களே இருந்தன. டாக்டரம்மா என்னைவிட இருபது வயதாவது இளையவர். ஈரோட்டில் விசைத்தறி வைத்திருந்த, வீட்டில் தெலுங்கு பேசுகிற குடும்பம். என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவார். கெட்டிக்காரர், ஆனால் எதற்கெடுத்தாலும் பதைக்கிற மனசு. மருந்தகத்தைப் பூட்டிவிட்டு வண்டியை எடுத்தவர், பாதி வழியில் திரும்பி வந்து பூட்டை இழுத்துப் பார்ப்பார். ஒரு மாட்டுக்கு ஊசி போட்டால் சாயங்காலம் மாட்டுக்காரருக்குப் போன் போட்டு, "அசை போடுதுங்களா?" என்று கேட்டுவிட்டுத்தான் காபி குடிப்பார். இப்படிப் பயந்துகொண்டே இருந்தால் உடம்பு தாங்காது என்று நானே பலமுறை சொல்லியிருக்கிறேன்.

பாறு என்கிற இந்தப் பிணந்தின்னிக் கழுகுகள் எனக்குப் புதிதல்ல. சின்ன வயதில் சத்தியமங்கலம் பக்கம் செத்த மாட்டைப் போடுகிற மேட்டில் கூட்டம் கூட்டமாகப் பார்த்திருக்கிறேன். மொட்டைக் கழுத்தும் நாற்றமும் பார்க்கவே பிடிக்காது. அந்த வழியாகப் பள்ளிக்கூடம் போகும்போது மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடுவோம். அவை எப்போது குறைந்தன, எப்போது இல்லாமல் போயின என்று எங்களில் யாருக்கும் சொல்லத் தெரியாது. மேடு நாறிக் கிடந்ததும், நாய்கள் பெருகியதும், நாய்க்கடிக்கு ஊசி போட வருகிறவர்கள் அதிகமானதும்தான் தெரிந்தது. மாடுகளுக்குப் போட்ட ஒரு வலி ஊசிதான் காரணம் என்று பிறகு சொன்னார்கள். அந்த மருந்து உடம்பில் இருக்கும்போது மாடு செத்து, அதைப் பாறு தின்றால், அதன் சிறுநீரகம் கெட்டுவிடும். சில நாள் கழுத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு மரத்திலேயே உட்கார்ந்திருக்கும். பிறகு விழுந்துவிடும். மாட்டுக்கு அந்த மருந்தைத் தடை செய்து பல வருடமாகிவிட்டது. ஆனால் மனிதர்களுக்கான மருந்தாக அது கடையில் கிடைத்துக்கொண்டுதான் இருந்தது.

டாக்டரம்மா வந்ததிலிருந்து இதே பேச்சுதான். மாட்டுச் சந்தையிலும் பால் சொசைட்டி வாசலிலும் நின்று, இந்த ஊசி வேண்டாம், பாறுக்குக் கெடுதல் செய்யாத வேறு ஊசி நம்மிடம் இருக்கிறது என்று சொல்லிக்கொண்டே இருப்பார். கேட்கிறவர்கள் தலையாட்டுவார்கள். இல்லாத பறவைக்கு எதற்கு இவ்வளவு பாடு என்று எனக்கே தோன்றியதுண்டு. ஆற்றுக்கு அந்தப் பக்கம், காட்டுக்குள் சில ஜோடிகள் மிச்சம் இருப்பதாகவும் கூடு கட்டியிருப்பதாகவும் வனத்துறைக் காவலர் ஒருவர் சொன்ன நாளிலிருந்து, டாக்டரம்மா வண்டியில் போகும்போதெல்லாம் ரோட்டைப் பார்க்காமல் வானத்தைப் பார்க்க ஆரம்பித்தார். பின்னால் உட்கார்ந்திருக்கிற எனக்குத்தான் உயிர் போய் உயிர் வரும்.

அந்த வருடம் கோடையில் ஒரு காலை நேரம் போன் வந்தது. கூப்பிட்டவர் காட்டோர ஊரில் நாலைந்து மாடு வைத்துப் பால் ஊற்றுகிறவர். கன்று போட்டபின் எழுந்திருக்காமல் படுத்துவிட்ட அவருடைய பசுவுக்கு இரண்டு நாளாக நாங்கள்தான் வைத்தியம் பார்த்துக்கொண்டிருந்தோம்.

"மாடு போயிருச்சுங்க டாக்டரம்மா," என்றார். டாக்டரம்மா கண்ணை மூடிக்கொண்டார். பால்காரர் தொடர்ந்தார். "பள்ளத்துல கொண்டுபோய் போட்டோமுங்க. ஆனா ஒண்ணுங்க, கருடன் வந்திருக்குதுங்க. ஒண்ணு ரெண்டு இல்லீங்க, அஞ்சு. ஊரே பாத்துட்டு நிக்குதுங்க."

டாக்டரம்மாவின் முகம் அப்படி மலர்ந்து நான் அதற்கு முன் பார்த்ததில்லை. பையைக்கூட எடுக்காமல் வண்டியைக் கிளப்பினார். வழியெல்லாம் பேசிக்கொண்டே வந்தார். அவர் சொன்னதில் பாதி காற்றில் போய்விட்டது. ஊருக்குக் கொஞ்சம் முன்னால், ஒரு புளியமரத்தடியில் வண்டியைச் சட்டென்று நிறுத்தினார்.

"அக்கா, நேத்து நம்ம போட்ட ஊசிக்கு அப்பறமும் மாடு வலி தாங்காம கத்தியிருந்தா, அவரு என்ன பண்ணியிருப்பாரு?"

"மொதல்ல வண்டிய எடுங்க," என்றேன். அதற்குப் பிறகு அவர் வானத்தைப் பார்க்காமல் ரோட்டையே பார்த்து வேகமாக ஓட்டினார்.

அந்த ஊரில் கரடு என்கிற சின்னப் பாறைக்குன்றின்மேல் ஒரு பெருமாள் கோயில் உண்டு. கும்பாபிஷேக வேலை நடந்துகொண்டிருந்தது. முந்தைய கும்பாபிஷேகத்தின்போது கோபுரத்தின்மேல் கருடன் வட்டமிடவில்லை என்பது ஊருக்குப் பெரிய மனக்குறை. அதற்குப் பின் மழை பொய்த்ததற்கும் கிணறு வற்றியதற்கும் அதையே காரணமாகச் சொல்லுவார்கள். இப்போது திருப்பணி நடக்கும்போதே ஐந்து பறவைகள் வந்து இறங்கியிருக்கின்றன. பள்ளத்துக் கரையில் பெண்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டு நின்றார்கள். யாரோ ஒரு கல்லின்மேல் சூடம் ஏற்றியிருந்தார்கள். கோபுரத்துக்கு மேலே சுற்றுகிற செம்பருந்து வேறு, இது வேறு என்று எனக்குத் தெரியும். டாக்டரம்மாவுக்கும் தெரியும். பெருமாளுக்குச் சனிக்கிழமை விரதம் இருக்கிறவர் அவர். கைகள் தாமாகக் குவிந்ததை நான் பார்த்தேன்.

பால்காரர் அழுதுகொண்டே வந்தார். அழுகைக்குள் ஒரு நிறைவும் இருந்தது. "எங்க லட்சுமிய எடுத்துட்டுப் போவ சாமியே வந்திருக்குதுங்க அம்மணி," என்றார்.

டாக்டரம்மா மெதுவாகத்தான் கேட்டார். "நான் போட்டதுக்கப்பறம் வேற ஊசி ஏதாச்சும் போட்டீங்களாங்க?"

பால்காரர் தன் மனைவியைப் பார்த்தார். அந்தம்மாதான் சொன்னது. "ராத்திரி முச்சூடும் கத்துச்சுங்க. கேக்க முடியலீங்க. வெடிஞ்சதும் டவுன்ல ஊசி போடறவரக் கூப்பிட்டோம். ரெண்டு ஊசி போட்டாரு. போட்டதுக்கப்பறம் சத்தமில்லாம அமைதியாப் போச்சுங்க."

அந்தம்மாவே வீட்டுக்கு ஓடி, தொழுவத்துக் கூரையில் செருகியிருந்த காலி மருந்துக் குப்பியை எடுத்துவந்து கொடுத்தது. டாக்டரம்மா அதில் எழுதியிருந்ததைப் படித்தார். என்னிடம் நீட்டவில்லை. நீட்ட வேண்டிய தேவையும் இல்லை.

கீழே ஒரு பறவை மாட்டின்மேல் ஏறி நின்றிருந்தது. மற்ற நான்கும் இறக்கையை அரைகுறையாக விரித்துக்கொண்டு தத்தித் தத்திக் கிட்டே வந்துகொண்டிருந்தன. டாக்டரம்மா செருப்பைக் கழற்றி எறிந்துவிட்டுப் பள்ளத்தில் இறங்கி ஓடினார். கையில் கிடைத்த கல்லை எடுத்து வீசினார். பறவைகள் பெரிய சத்தத்தோடு எழும்பி மரத்தில் போய் உட்கார்ந்தன. முதலில் ஏறியிருந்த பறவையின் தலையில் ரத்தம் இருந்தது. அது ஏற்கெனவே மாட்டைக் கொத்திவிட்டது.

கரையில் கூச்சல் எழுந்தது. கோயில் தர்மகர்த்தா, வயதான மனிதர், யாரையும் கடிந்து பேசாதவர், இறங்கி வந்துவிட்டார். "ஏனுங்க அம்மணி, படிச்சவங்க நீங்க. சாமியா வந்ததக் கல்லால அடிக்கறீங்களே, அடுக்குமாங்க?" என்றார். டாக்டரம்மா அவர் பக்கம் திரும்பிக் கும்பிட்டார்.

"சாமின்னே வெச்சுக்குங்கய்யா. நான் இல்லைங்கல. நம்ம ஊட்டுக்கு வந்த சாமிக்கு எலை போட்டு விசத்தையா வெக்கறது?"

பிறகு மூச்சு வாங்க மருந்தைப் பற்றிச் சொன்னார். எல்லோருக்கும் புரிந்ததா என்று தெரியவில்லை. பால்காரருக்குப் புரிந்தது. அந்த முகம் இருண்டதை நான் மறக்கமாட்டேன். சற்று முன்தான் சாமி வந்தது என்று மனசைத் தேற்றிக்கொண்டிருந்த மனிதர். அந்த ஆறுதலை நாங்கள் போய்ப் பிடுங்கிவிட்டோம். அப்புறம் வேலியிலிருந்து முள்ளை வெட்டி இழுத்துவந்து, தன் மாட்டின்மேல் தானே போட ஆரம்பித்தார். அவர் மனைவி வீட்டிலிருந்து தட்டும் கரண்டியும் எடுத்துவந்து டாக்டரம்மா கையில் கொடுத்தது.

புதைக்க ஆழமாகக் குழி வேண்டும். வாய்க்கால் வேலைக்குப் போயிருந்த ஜேசிபி மத்தியானத்துக்கு மேல்தான் வரும் என்றார்கள். அதுவரை வெயிலில் காவல் இருந்தோம். முள்ளை மட்டும் நம்ப டாக்டரம்மாவுக்கு மனசில்லை. பசித்த பறவைகள் அவை. எத்தனை தூரத்திலிருந்து வந்தனவோ, திரும்பத் திரும்ப இறங்கப் பார்த்தன. ஒவ்வொரு முறையும் டாக்டரம்மா தட்டை அடித்துக்கொண்டு ஓடுவார். பெண்களும் வந்து சேர்ந்து கத்தினார்கள். தர்மகர்த்தா கத்தவில்லை. துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு மாட்டுக்குப் பக்கத்தில் ஒரு பாறையில் உட்கார்ந்துவிட்டார். அவர் உட்கார்ந்திருந்த பக்கம் ஒரு பறவையும் வரவில்லை. ஜேசிபி வந்து, சுண்ணாம்பு கொட்டி மண்ணை மூடி முடித்தபின், ஐந்தும் ஒன்றன்பின் ஒன்றாக எழும்பி ஆற்றுப்பக்கம் போய்விட்டன. டாக்டரம்மா கையைக் கண்ணுக்கு மேல் மறைப்பாக வைத்துக்கொண்டு, அவை புள்ளியாகி மறையும்வரை பார்த்தார்.

"ஒண்ணு தின்னுருச்சுங்கக்கா. எவ்வளவு தின்னுச்சுன்னு தெரியலையே," என்றார்.

அந்தக் கேள்வி அவரை விடவில்லை. தினமும் மருந்தகம் திறப்பதற்கு முன் என்னையும் ஏற்றிக்கொண்டு ஆற்றங்கரைக்குப் போவார். ஒரு பழைய பைனாகுலரை எங்கோ கேட்டு வாங்கியிருந்தார். சில நாள் இரண்டு பறவை தெரியும், சில நாள் ஒன்றும் தெரியாது. ஐந்தையும் சேர்ந்தாற்போல் பார்க்கவே முடியவில்லை. வனக்காவலரிடம் கேட்டால், "செத்து விழுந்தது எதையும் நாங்க பாக்கலீங்க மேடம்," என்பார். காடு எவ்வளவு பெரியது என்று அவருக்கும் தெரியும், எங்களுக்கும் தெரியும். டாக்டரம்மாவுக்குச் சோறு இறங்கவில்லை. டவுனில் ஊசி போடுகிற ஆளைத் தேடிப்போய்ப் பேசினார். "மனுசனுக்குப் போடறதுதானுங்க, மாட்டுக்கு என்ன ஆயிடப்போவுது?" என்று அவர் கேட்டாராம். இனிமேல் போடமாட்டேன் என்று கடைசியில் சொல்லியிருக்கிறார். அதை நம்பலாமா கூடாதா என்பது டாக்டரம்மாவின் கவலைகளில் இன்னொன்றாகச் சேர்ந்துகொண்டது.

கும்பாபிஷேகத்துக்கு எங்கள் இருவரையும் அழைத்திருந்தார்கள். தண்ணீர் ஊற்றும் நேரம் ஊரே வானத்தைப் பார்த்தது. வெயில் மட்டும்தான் இருந்தது. செம்பருந்தும் இல்லை, பாறும் இல்லை. கூட்டத்தில் ஒரு முணுமுணுப்பு ஓடியது. டாக்டரம்மா தலையைக் குனிந்துகொண்டார். தன்மேல்தான் பழி வரும் என்று நினைத்திருப்பார். எனக்கும் அந்தப் பயம் இருந்தது. பந்தியில் தர்மகர்த்தா எங்கள் இலைக்கு முன்னால் வந்து நின்றார்.

"வராட்டிப் போவுதுங்க அம்மணி. எங்கியோ உசுரோட இருந்தாச் செரி. நல்லாச் சாப்பிடுங்க," என்றார். டாக்டரம்மா அன்று சாதம் இரண்டாம் முறை வாங்கிக்கொண்டார்.

இப்போது அவர் பொள்ளாச்சிப் பக்கம் மாற்றலாகிப் போய்விட்டார். நான் ஓய்வு பெற்றுவிட்டேன். பாறுகள் கொஞ்சம் கூடியிருப்பதாகப் பேசிக்கொள்கிறார்கள். ஊர்க்காரர்கள் இப்போதெல்லாம் அவற்றைப் பார்த்தால் போனில் படம் பிடித்து அனுப்புகிறார்கள். எனக்குச் சந்தோஷம்தான். ஆனால் ஒவ்வொரு படத்திலும் என் கண் முதலில் கழுத்துக்குத்தான் போகிறது.

போன புரட்டாசியில் ஒரு சனிக்கிழமை டாக்டரம்மா அந்தக் கோயிலுக்கு வந்திருந்தார். நானும் போயிருந்தேன். கரட்டிலிருந்து பார்த்தால் ஆற்றின் அக்கரை தெரியும். அங்கே ஒரு பட்டமரத்தில் ஏழெட்டுப் பறவைகள் உட்கார்ந்திருந்தன. என் பேரன் வாங்கிக் கொடுத்த பைனாகுலரை நீட்டினேன். அவர் வாங்கவில்லை.

"நீங்க பாருங்கக்கா. எனக்குத் தைரியம் இல்லை. எல்லாத்துக்கும் கழுத்து நேரா இருக்குதுங்களா?"

ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டு வந்தேன். எல்லாம் நிமிர்ந்திருந்தன. கடைசிக் கிளையில் ஒன்று மட்டும் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டிருந்தது. பைனாகுலரை இறக்காமல் அதையே பார்த்தேன். குமிழைத் திருகி அந்தப் பறவையை இன்னும் தெளிவாகக் கொண்டுவந்தேன்.

"என்னங்கக்கா?"

"இருங்க," என்றேன்.

அந்தப் பறவை வெகுநேரம் அசையவில்லை. பின்னால் தீபாராதனை மணி அடித்து ஓய்ந்தது. டாக்டரம்மா திரும்பிப் பார்க்கவில்லை. அவருடைய மூச்சு என் காதருகில் கேட்டது. பிறகு அந்தப் பறவை தலையைத் தூக்கி, நெஞ்சு இறகை அலகால் இரண்டு தரம் கோதிவிட்டு, மறுபடியும் குனிந்து கோத ஆரம்பித்தது.

"இறகு கோதுது, அவ்வளவுதான்," என்றேன்.

அப்போதுதான் பைனாகுலரை என் கையிலிருந்து வாங்கினார். கண்ணில் வைத்தவர் எடுக்கவேயில்லை. வெயில் ஏறி, பறவைகள் ஒவ்வொன்றாக எழும்பிப் போய், அந்தக் கடைசிப் பறவையும் இறக்கையை விரித்துக் கிளையைவிட்டுக் கிளம்பிய பிறகுதான், இருவரும் பிரசாதம் வாங்கப் போனோம்.