எங்கள் வாசலில் நின்ற தேர்

ஆத்தாளை நம்புகிறவர்களே, என் கதையைக் கொஞ்சம் கேளுங்கள். நினைத்தால் இன்றைக்கும் எனக்கு வயிறு எரிகிறது.

தோட்டத்து ஆட்களான எங்கள் பிரஜாவுரிமையை அரசாங்கம் பறித்துச் சில வருடங்கள் இருக்கும். மலைநாட்டில் டயகமப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறித்துக்கொண்டிருந்தேன். தாழ்ந்த சாதியென்று ஒதுக்கிய வரிசை வீடுகள் இருந்த கீழ் லயத்தில் ஒருத்திக்குப் பிரசவ வலி. மருத்துவச்சி வரக் காணோம். நான்தான் ஓடிப்போய்ப் பிள்ளையை எடுத்தேன். அவர்கள் கொடுத்த கஞ்சியையும் குடித்தேன்.

சாதி கெட்டுவிட்டதாம்! தோட்டத் தலைவர் எங்கள் குடும்பத்தையே ஒதுக்கி வைத்துவிட்டார். பீலியில் எல்லோரும் தண்ணீர் பிடித்த பிறகுதான் என் குடம். மலையில் என் பக்கத்து நிரையில் ஒருத்தியும் நிற்கமாட்டாள். கூடவே வளர்ந்த ராக்காயிகூட முகத்தைத் திருப்பிக்கொண்டாள். நாடே எங்கள் எல்லோரையும் வேண்டாமென்று தள்ளிவிட்டது. தள்ளப்பட்டவர்களே என்னைத் தள்ளினால் நான் எங்கே போவேன்? எரிச்சலில் சோறு இறங்கவில்லை.

மாரியம்மன் திருவிழா வந்தது. தேர் ஒவ்வொரு வீட்டு வாசலிலும் நின்று தீபாராதனை வாங்கிப் போகும். எங்கள் வாசலில் நிற்காது என்று தலைவர் சொல்லியனுப்பினார்.

"திருநா முடிஞ்சதும் வேற தோட்டத்துக்குப் போயிருவோம் புள்ள" என்றார் என் வீட்டுக்காரர்.

எனக்கு ஆத்திரம் பொங்கியது. மாவிளக்குத் தட்டோடு கதவுக்குப் பின்னால் நின்று ஆத்தாளைத் திட்டினேன். "நீயும் அவுங்க கட்சிதானா? ஒனக்குக் கண்ணில்லையா? இன்னைக்கு என்னையத் தாண்டிப் போனா இனிமே ஒன்னையக் கும்பிடவே மாட்டேன்!" என் வேண்டுதல் அவ்வளவுதான்.

தேர் வந்தது. மழையில் ஊறிய பாதை. சரியாக எங்கள் வாசலில் சக்கரம் ஓரத்துத் தண்ணீர்க் கானுக்குள் இறங்கிவிட்டது. இளவட்டங்கள் தள்ளினார்கள். தலைவரும் தோள் கொடுத்தார். அசையவில்லை.

பூசாரி கையைக் காட்டி நிறுத்தினார். "நின்ன வாசல்ல தட்டு வாங்காம தேர் நகரக்கூடாதுங்க. அது மொற."

"இந்த வீட்டுலயா?" என்றார் தலைவர்.

"நிப்பாட்டுனது நானா? ஆத்தாகிட்ட கேளுங்க."

தட்டோடு வெளியே வந்தேன். பூசாரி தட்டை வாங்கித் தீபம் காட்டினார். திருநீறு முதலில் எனக்கு. நான் தொட்ட அதே தட்டிலிருந்து அடுத்தது தலைவருக்கு. வாங்காமல் என்ன செய்வார்? பூசிக்கொண்டார். மறுபடி தள்ளினார்கள், தேர் மேலேறிவிட்டது.

மறுநாள் பீலியில் ராக்காயி தன் குடத்தை நகர்த்தி, "நீ புடிச்சுக்கக்கா" என்றாள். அந்த ஒரு வார்த்தைக்கு எவ்வளவு ஏங்கியிருந்தேன்! அங்கேயே உட்கார்ந்து அழுதேன்.

கோபம் முழுதாகப் போகவில்லை, பொய் சொல்லமாட்டேன். ஆனால் நாங்கள் தோட்டத்தை விட்டுப் போகவில்லை. கீழ் லயத்துக்குப் போவதையும் நான் நிறுத்தவில்லை.

ஒதுக்கப்பட்டு மனம் வெந்து கிடக்கிறவர்களே, ஆத்தாளிடம் நயமாகத்தான் கேட்க வேண்டும் என்றில்லை. சண்டை போட்டே கேளுங்கள். தட்டை மட்டும் தயாராக வைத்திருங்கள்.