வலது பக்கத்துப் பட்டன்கள்

அக்கா வேலை பார்ப்பது ஆஸ்பத்திரித் துணிகளை வெளுக்கிற சலவைக்கூடத்தில். விரிப்பு, தலையணை உறை, டாக்டர்களின் அங்கி என்று ஈரத்துணி மலை மலையாக வந்து விழும். ஒவ்வொன்றாக உதறிச் சூடான உருளைக்குள் நேராகக் கொடுக்க வேண்டும், மறுபக்கம் வருவதை மடித்து அடுக்க வேண்டும். எல்லாம் நின்றபடியே. அங்கே அவளைவிட மூத்தவர்கள்கூட அவளை அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். உண்மையில் அவள் ஒருவனுக்குத்தான் அக்கா. கணவன் போய்ச் சேர்ந்த பிறகு அவளுக்கென்று மிஞ்சியவனும் அந்தத் தம்பி ஒருவன்தான்.

தம்பி சரக்கு வண்டி ஓட்டிக்கொண்டிருந்தவன். வயது நாற்பது ஆகியும் கல்யாணப் பேச்சை எடுத்தால் செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போய்விடுவான். ஒருநாள் காலையில் வண்டிச் சாவியை எடுக்க நீட்டிய வலது கை பாதியிலேயே நின்றுவிட்டது. மூளைக்குப் போகிற ரத்தம் அடைத்துக்கொண்டது என்றார்கள். அக்கா வேண்டாத சாமி இல்லை. பேச்சு திரும்பியது. காலும் இழுத்து இழுத்து நடக்கிற அளவுக்குத் திரும்பியது. கை மட்டும் வரவில்லை. தோளுக்குக் கீழே அது யாரோ கொடுத்துவைத்துவிட்டுப் போன பொருள் மாதிரி மடியில் கிடந்தது.

ஆஸ்பத்திரியில் கைக்குப் பயிற்சி கொடுக்கிற அம்மா ஒரு ரப்பர் பந்தைக் கொடுத்து அமுக்கச் சொன்னார். "நான் என்ன தொட்டில்லயா கிடக்கிறேன்?" என்று தம்பி அதை மூலையில் உருட்டிவிட்டான். அந்த அம்மா அக்காவைத் தனியே கூப்பிட்டார்.

"கோவிச்சுக்காதீங்க. வெளியில எத்தனை பேர் காத்துக்கிட்டிருக்காங்கன்னு உங்களுக்கே தெரியும். மாசக் கடைசியில டாக்டர் வந்து பார்ப்பார். அப்பவும் இவர் முயற்சியே பண்ணலைன்னா, பயிற்சியில இவர் இடத்தை வேற ஆளுக்குக் கொடுத்துடுவாங்க. ஒரு விரல் கொஞ்சம் அசைஞ்சாக்கூடப் போதும், நான் பேசிப் பார்க்கிறேன். அவருக்குப் பிடிச்சது எதையாவது கையில கொடுங்களேன்."

அவனுக்குப் பிடித்தது எது என்று அக்கா யோசிக்கவே வேண்டியிருக்கவில்லை. முதல் சம்பளத்தில் அவன் வாங்கியது ஒரு வீடியோ கேம் பெட்டி. வீட்டுக்கு அரிசி வாங்காமல் இதை வாங்கி வந்தானே என்று அன்றைக்கு அவள் திட்டித் தீர்த்திருக்கிறாள். பெட்டி எப்போதோ கெட்டுப்போனது. விளையாட்டுத் தட்டுகள் மட்டும் கட்டிலுக்கு அடியில், உறை கலையாமல் இருந்தன. அவற்றைத் துடைத்து எடுத்துக்கொண்டு, சலவைக்கூடத்து மேலாளர் கழித்துக் கொடுத்த ஒரு பழைய லேப்டாப்பையும் தூக்கிக்கொண்டு, கீழ்த்தளத்தில் செல்போன் ரிப்பேர் கடை வைத்திருப்பவரிடம் போனாள்.

"பெட்டி செத்தா என்னக்கா, தட்டு உயிரோடதானே இருக்கு" என்றார் அவர். "எமுலேட்டர்னு ஒண்ணு இருக்கு. கம்ப்யூட்டரை அந்தப் பழைய பெட்டி மாதிரியே நடிக்க வைக்கும். தட்டுல இருக்கிறதை எல்லாம் நான் உள்ள ஏத்தித் தரேன். எந்த ஃபோல்டர்ல கேம் இருக்குன்னு நீங்க அதுக்குக் காட்டிட்டாப் போதும். அதுவா லைப்ரரி மாதிரி வரிசையா அடுக்கிக்கும்."

"எனக்கு அதெல்லாம் வருமா?"

"செல்போன்ல சாமி படம் மாத்துறீங்கல்ல? அதைவிடச் சுலபம்."

மறுநாள் வேலை முடிந்து வந்து, கால் கழுவி, விளக்கின் முன் ஒரு நிமிடம் கண்மூடி நின்றுவிட்டு லேப்டாப்பைத் திறந்தாள். ஃபோல்டரைப் பார்த்ததும் அவளுக்குக் கை துறுதுறுத்தது. ஒவ்வொரு விளையாட்டின் பெயரும் இரண்டு இரண்டு முறை இருந்தது. ஒன்று பெரியது, இன்னொன்று இத்தனூண்டு. நாள் முழுக்கத் துணி தரம் பிரிக்கிறவள் அல்லவா, கிழிசல், ஒட்டு என்று பட்டதை அவளால் கழிக்காமல் இருக்க முடியவில்லை. சின்னதை எல்லாம் அழித்துவிட்டு, ஃபோல்டரை எமுலேட்டருக்குக் காட்டினாள். லைப்ரரி வெறிச்சோடிக் கிடந்தது. மறுபடி காட்டினாள். ஒன்றும் இல்லை.

"என்ன இன்ஜினியரம்மா, படம் ஓடுதா?" என்றான் தம்பி கட்டிலிலிருந்து.

"சும்மா கிடடா. எனக்கே கையும் ஓடல காலும் ஓடல."

"எனக்கும் அதே கதைதான்" என்றான். அவள் சிரிக்கவில்லை.

லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு மறுபடி கீழே இறங்கினாள். கடைக்காரர் பார்த்துவிட்டுத் தலையில் கை வைத்தார்.

"உங்க சலவைக்கூடத்துல ஒவ்வொரு மூட்டைக்கும் சீட்டுக் கட்டுவீங்கல்ல, எந்த வார்டு, உள்ள என்ன இருக்குன்னு?"

"ஆமா."

"அந்தச் சீட்டையெல்லாம் பிடுங்கிப் போட்டுட்டீங்க. பெரிய ஃபைல்தான் மூட்டை, இந்தச் சின்னதுதான் சீட்டு. சீட்டு இல்லாம எமுலேட்டருக்கு மூட்டையைப் பிரிக்கத் தெரியாது." நல்லவேளையாக லேப்டாப்பின் குப்பைத்தொட்டியில் எல்லாம் அப்படியே இருந்தன. அவரே மீட்டுக் கொடுத்தார்.

இந்த முறை லைப்ரரி மளமளவென்று நிறைந்தது. ஆனால் எல்லாவற்றுக்கும் படமில்லாமல் மொட்டையாகச் சாம்பல் நிறக் கட்டம். அதுவும் அக்காவுக்குப் பொறுக்கவில்லை. ஒவ்வொரு தட்டின் உறையையும் மேசையில் வைத்துச் செல்போனில் படம் பிடித்து, அதனதன் கட்டத்தில் போட்டாள். அதற்கே நாலைந்து சாயங்காலம் போனது. தோள்பட்டை விட்டுப்போயிற்று.

தம்பி எட்டிப் பார்த்தான். "எல்லாத்துலயும் நம்ம மேசைவிரிப்பு தெரியுதேக்கா."

"தெரிஞ்சா தெரிஞ்சுட்டுப் போகட்டும். துவைச்ச விரிப்புதானே."

அவன் அந்தப் படங்களையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு, "அந்தக் குள்ளனைப் போடு" என்றான். தொப்பி வைத்த ஒரு குள்ளன் ஓடி, பள்ளம் தாண்டி, எதிரே வருகிறவர்களை உதைத்துக்கொண்டு போகிற விளையாட்டு அது. கடைக்காரர் லேப்டாப்பில் மாட்டிக் கொடுத்திருந்த, இரண்டு கையாலும் பிடித்து ஆடுகிற கன்ட்ரோலரை அக்கா அவன் மடியில் வைத்து, வலது கையைத் தூக்கி அதன்மேல் படுக்க வைத்தாள். இடது கட்டைவிரல் அழுத்தியதும் குள்ளன் ஓடினான். முதல் பள்ளம் வந்தது. குதிக்கிற பட்டன் வலது பக்கம். குள்ளன் நேராகப் போய்ப் பள்ளத்தில் விழுந்தான். மறுபடி ஓடினான், மறுபடி விழுந்தான்.

தம்பியின் முகம் சுண்டிப்போயிற்று. "இந்த எமுலேட்டர்ல பட்டனை இடம் மாத்தலாம்க்கா. குதிக்கிறது, உதைக்கிறது எல்லாத்தையும் இடது பக்கம் கொண்டு வந்துடு. ஒரே கையால ஊதித் தள்ளிடுவேன்."

அக்காவுக்கும் அது தெரியும். கடைக்காரர் அந்தப் பக்கத்தைத் திறந்தே காட்டியிருந்தார்.

"மாத்த மாட்டேன்."

"ஏன்?"

"மாசக் கடைசியில டாக்டர் வராரு. விரல் அசையலைன்னா உன் இடம் போயிடும். அதுக்குத்தானே இவ்வளவு பாடும்."

"கை செத்துப்போச்சுக்கா. உனக்கு மட்டும்தான் அது இன்னும் தெரியல."

"கொடுத்தவனுக்குத் தெரியும், செத்துச்சா தூங்குதான்னு. நீ சொல்லாதே."

"அப்ப நீயே ஆடிக்கோ" என்று முகத்தைச் சுவர் பக்கம் திருப்பிக்கொண்டான்.

லேப்டாப் மூடியே கிடந்தது. அக்கா வேலைக்குப் போனாள், வந்தாள், சமைத்தாள், அவனைக் குளிப்பாட்டினாள். அவன் சுவரைப் பார்த்தே படுத்திருந்தான். சண்டை போடவும் தெம்பு வேண்டும். அவளிடம் அது இல்லை. மாத்திக் கொடுத்துத் தொலைத்தால்தான் என்ன என்றுகூட ஒரு சாயங்காலம் அந்தப் பக்கத்தைத் திறந்தாள். மனசு வரவில்லை, மூடிவிட்டாள். பிறகு கட்டிலில் அவனுக்கு வலது பக்கமாக உட்கார்ந்து கன்ட்ரோலரை நடுவில் வைத்தாள்.

"இடது பக்கம் நீ. வலது பக்கம் நான். எப்ப அமுக்கணும்னு சொல்லு."

"உனக்கு எது குதிக்கிறது, எது உதைக்கிறதுன்னாவது தெரியுமா?"

"நீ சொல்லிக் கொடு."

அக்கா ஆடிய லட்சணத்தை என்ன சொல்வது. குதி என்றால் உதைப்பாள். குள்ளன் பள்ளத்தில் விழுந்த பிறகு நிதானமாகக் குதி பட்டனை அமுக்குவாள்.

"அக்கா, அவன் செத்து, எடுத்துப் போட்டாச்சு. இப்ப எதுக்குக் குதிக்கிறே?"

"கத்தாதேடா, படபடங்குது."

"எனக்குத்தான் படபடங்குது. உன்னை நம்பி வந்தான் பாரு, அவனைச் சொல்லணும்." அவன் சிரித்தான். படுத்ததிலிருந்து அவன் அப்படிச் சிரித்து அவள் பார்த்ததில்லை. தினமும் அவள் வந்து கால் கழுவியதும், "வாக்கா, டூட்டி இருக்கு" என்று கூப்பிட ஆரம்பித்தான். ஆனால் வலது கை மட்டும் மடியில் கிடந்த இடத்திலேயே கிடந்தது. நாம் செய்தது சரிதானா, அவன் கைக்கு வேலை கொடுக்க வந்து நம் கையைக் கொடுத்துவிட்டோமே என்று அக்கா ஆண்டவனிடம் கேட்டுக்கொண்டே இருந்தாள்.

ஒரு விடுமுறை நாள், மத்தியானம். முந்தின நாள் சலவைக்கூடத்தில் இரண்டு பேர் வராததால் மூன்று பேர் வேலையை அவள் பார்த்திருந்தாள். "குதி" என்றான் தம்பி. குதித்தாள். "உதை" என்றான். உதைத்தாள். அதற்கப்புறம் அவளுக்கு நினைவில்லை. சுவரில் சாய்ந்தபடியே தூங்கிப்போனாள்.

விழிப்பு வந்தபோது குள்ளன் விழுகிற சத்தம் கேட்டது. கண்ணைப் பாதி திறந்தாள். அவள் கை கன்ட்ரோலரிலிருந்து நழுவிக் கட்டிலில் கிடந்தது. அவள் கை இருந்த இடத்தில், தம்பி தன் வலது கையைக் கொண்டுவந்து வைத்திருந்தான். இடது கையால் தூக்கித்தான் வைத்திருக்க வேண்டும். கட்டைவிரல் குதிக்கிற பட்டன்மேல் இருந்தது. குள்ளனை ஓட விட்டான். பள்ளம் வந்தது. தோளிலிருந்து ஒரு உதறல் இறங்கி வந்து முழங்கையோடு நின்றது. விரல் அசையவில்லை. கன்ட்ரோலர்தான் சறுக்கியது. குள்ளன் விழுந்தான்.

தம்பி கன்ட்ரோலரைத் தொடையால் அணை கொடுத்து நிறுத்தினான். கையை எடுத்துத் திரும்ப வைத்தான். நெற்றி வேர்த்திருந்தது. அக்கா பக்கம் ஒரு தரம் திரும்பிப் பார்த்தான். அவள் சட்டென்று கண்ணை மூடிக்கொண்டாள். எழுப்பிவிட்டோமோ என்று அவன் லேப்டாப்பின் சத்தத்தைக் குறைத்தான்.

குள்ளன் ஓடுகிற சத்தம் மெலிதாகக் கேட்டது. பிறகு விழுகிற சத்தம். சற்றுப் பொறுத்து மறுபடி ஓடுகிற சத்தம். அக்காவுக்குக் கழுத்து வலித்தது, இடுப்பு கடுத்தது. அவள் அசையவில்லை. தூங்குகிறவள் மாதிரி மூச்சைச் சீராக இழுத்து விட்டுக்கொண்டே கிடந்தாள்.