லட்டு தின்ற மாமனாரும் சோதனைக்கு வந்த அதிகாரியும்

யுத்தம் முடிவதற்குச் சற்று முந்திய காலம். நான் கண்டியில் ஓர் அரச அலுவலகத்தில் பணியாற்றியபடி, மடவளையில் ஒரு முஸ்லிம் குடும்பத்தாரின் வீட்டில் அறையொன்றை வாடகைக்கு எடுத்திருந்தேன். அன்று காலைதான் யாழ்ப்பாணத்திலிருந்து என் தம்பி வந்திருந்தான். வடக்கிலிருந்து வருவோர் பொலிஸில் பதிய வேண்டும். அலுவலகம் முடிந்து அவனை அழைத்துச் சென்றபோது, பதிபவர் போய்விட்டிருந்தார். பதியாத இளைஞன் அகப்பட்டால் கொண்டுபோய்விடுவார்கள். எப்போது விடுவார்கள் என்று எவரும் அறியார்.

மாலையானதும் அயலார் எல்லோரும் வீட்டுக்கார உம்மாவின் கூடத்தில் கூடிவிட்டனர். இந்தியக் குடும்பமொன்றின் கூத்துகளைச் சொல்லும் நகைச்சுவைத் தொடர், சிங்களக் குரலில் ஒளிபரப்பாகும் நேரம் அது. நீரிழிவு நோயாளியான மாமனார் அலுமாரிக்குள் ஒளிந்திருந்து லட்டுத் தின்ன, அதையறியாத மருமகள் அலுமாரியைப் பூட்டிவிட்டாள். கூடமே சிரிப்பில் அதிர்ந்தது.

அந்நேரம் பொலிஸார் சோதனைக்கு வந்தனர். அதிகாரி வாசலில் நின்று எல்லோரையும் பார்த்தார். சிங்களம் அறியாத என் தம்பி மட்டும் சிரிக்காமல் இருந்தான்.

"இவர் ஏன் சிரிக்கிறது இல்ல?" என்றார் அதிகாரி, தமிழில்.

நான் வாய் திறக்குமுன் உம்மா முந்திக்கொண்டார். "அவருக்கு கிரிக்கட் பார்க்கணுமாம், சேர். நாங்க டீவிய விடல்ல. அந்தக் கோவத்துல உம்முண்டு ஈக்கிறார்."

அதிகாரியின் பார்வை தம்பியிடமிருந்து திரைக்குப் போயிற்று. அலுமாரிக்குள்ளிருந்து மாமனார் தும்மினார். அதிகாரி வாய்விட்டுச் சிரித்துவிட்டார். பின்னர் குனிந்து, "தம்பி, அந்தக் கிழவருக்கு சீனி வருத்தம். களவா லட்டு சாப்பிடுறார். இப்ப விளங்குதா?" என்றார்.

தம்பி அவசரமாகச் சிரித்தான்.

"ஆ, சரி" என்று சொல்லி, எவரிடமும் அடையாள அட்டை கேளாமலே அவர் வெளியேறினார்.

"அக்கா, அவர் என்னைக் கண்டுபிடிச்சவரோ, இல்லையோ? எனக்கு ஒண்டும் விளங்கேல்லை" என்று என்னிடம் கேட்டான் தம்பி.

"பேசாம பாருங்க, மகன். கிழவன இன்னும் வெளிய எடுக்கல்ல" என்றார் உம்மா.

மறுநாள் பதிவு முடிந்தது, குழப்பம் முடியவில்லை. உம்மாவின் சொல்லை அவர் நம்பினாரா? நம்பியிருந்தால், வடக்கிலிருந்து வந்த, சிங்களம் அறியாதவனுக்குச் சொல்வதுபோல் கதையை ஏன் தமிழில் விளக்கினார்? எல்லாம் அறிந்தே விட்டுச் சென்றாரா? அல்லது, நாள் முழுதும் வீடு வீடாக ஏறியிறங்கிய ஒருவருக்கு அந்த ஒரு தும்மலே போதுமானதாயிருந்ததா?

அத்தொடர் இன்னும் ஓடுகிறது; மாமனார் இன்னும் திருந்தவில்லை. ஆயினும், பலர் கூடிச் சிரிக்கும் இடங்களில் சிரிக்காத ஒருவரையே இன்றும் என் கண் முதலில் தேடுகிறது. கண்டதும், அவரருகே போய் அமர்ந்து கதையைச் சொல்லத் தொடங்கிவிடுகிறேன்.