மச்சான் முறைக்கு ஓர் அழுகை

றஞ்சினியின் முதுகைப் பார்க்காத சுவிஸ்காரர்கள் குறைவு. லுசேர்ணில் முதியோர் இல்லமொன்றின் சலவைப் பகுதியில் அவளுக்கு வேலை. மிச்ச நேரத்தில் தொலைக்காட்சி நடிகை! துப்பறியும் தொடரில் ஒரு துப்புரவுப் பெண் நிலம் துடைத்தால் அது பெரும்பாலும் அவள்தான். மகள் டயனா விளையாட்டாக எங்கேயோ அனுப்பிவைத்த ஒரு படத்தில் தொடங்கிய கலைவாழ்வு இது. அகதித் தாய், பஸ் பயணி, கோப்பை கழுவுகிறவள் என்று வேடங்கள் வந்துகொண்டேயிருந்தன. வசனம்தான் வரவில்லை. கமெராவும் அவளைக் கண்டால் பின்பக்கமாகச் சுற்றிக்கொண்டு போய்விடும்.

தொடர் போகும் மாலைகளில் றோல்ஸ் பொரித்துவைத்துச் சனத்தைக் கூப்பிடுவாள்.

“அந்தா, அதுதான் நான்! வடிவாப் பாருங்கோ!”

“முதுகு நல்லா நடிச்சிருக்கு,” என்பான் கணவன் கிளமென்ற்.

வீடே சிரிக்கும். அவளும் சேர்ந்துதான் சிரிப்பாள். ஆனால் கறிச்சட்டியைப் பார்த்து ஜெர்மனில் வசனம் பேசிப் பழகுகிறவளின் ஏக்கம் அந்தச் சட்டிக்குத்தான் தெரியும். ஒரேயொரு வசனம், நேருக்கு நேராக முகம் தெரிய. வேறொன்றும் வேண்டாம்.

போன மாரியில் அந்த முகம் தெரியும் வேளை வந்தது. ஹோட்டல் முதலாளி கட்டிலில் செத்துக் கிடக்கிறார். துப்புரவுப் பெண் கதவைத் திறந்து, பிணத்தைக் கண்டு கத்த வேண்டும். வசனம் இல்லாவிட்டாலும் கத்தலாவது கிடைத்ததே என்று துள்ளிக்கொண்டு போனாள்.

கத்தினாள். கரப்பான்பூச்சியைக் கண்டவள்போல இருந்தது. மறுபடி கத்தினாள். தேத்தண்ணி சுட்டதுபோல இருந்தது. இயக்குநர் அம்மாள் உதவியாளரிடம், “வேறு யாராவது இருக்கிறார்களா?” என்று மெல்லக் கேட்டது றஞ்சினியின் காதில் விழுந்துவிட்டது. அவள் பிணத்தைக் காட்டி இயக்குநரிடமே கேட்டாள்.

“ஒன்று கேட்கலாமா? இவர் எனக்கு என்ன முறை?”

“முறையா? ஒன்றுமில்லையே. நீங்கள் துப்புரவுப் பெண்.”

அதுதானே பார்த்தாள்! மன்னாரில் எந்தச் செத்த வீட்டிலும் முறை சொல்லாமல் அவள் அழுததில்லை. அப்பு என்றோ அண்ணை என்றோ கூப்பிட்டால்தான் அவளுக்குத் தொண்டை திறக்கும். பிணத்தின் நரையைப் பார்த்து மாமா என்று கூப்பிட்டிருக்கலாம். பதற்றத்தில் வாயில் வந்ததோ வேறு.

“ஐயோ, என்ர மச்சான்! என்னைத் தனிய விட்டிட்டுப் போட்டீங்களே! இந்தப் பஞ்சு மெத்தையில இப்பிடிக் கிடக்கவோ வந்தனீங்கள், என்ர ராசா!”

துடைப்பத்தை எறிந்துவிட்டுப் பிணத்தின் நெஞ்சில் விழுந்தாள். தன் நெஞ்சிலும் அடித்துக்கொண்டாள். ஒலிப்பதிவுக்காரன் காதுக்கருவியைக் கழற்றினான். பிணமாய்க் கிடந்த நடிகரின் மூடிய கண்ணிலிருந்து பொலபொலவென்று கண்ணீர் வழிந்தது. பிணம் அழுதால் காட்சி கெட்டுப்போகும் என்று அவருக்கு முகம் துடைத்துவிட்டு, மறுபடியும் எடுத்தார்கள். மறுபடியும் பிணம் அழுதது.

இயக்குநர் கேட்டது ஒன்றுதான். “மச்சான் என்றால் என்ன?”

“கட்டிக்கொள்ளக்கூடிய முறை,” என்றாள் றஞ்சினி அப்பாவியாக.

இயக்குநரும் கதாசிரியரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். துப்புரவுப் பெண் முதலாளியை இப்படிக் கூப்பிட்டு அழுதால் சும்மாவா? இரண்டு பேரும் ஒரு மூலைக்குப் போய் நெடுநேரம் குசுகுசுத்தார்கள். தன்னை நிறுத்தத்தான் போகிறார்கள் என்று நினைத்து றஞ்சினி துடைப்பத்தைத் தேடி எடுத்து வைத்தாள்.

அடுத்த கிழமை வேலைக்குப் போகும் பஸ்ஸில் இருக்கும்போது, மாற்றி எழுதிய கதை கைபேசியில் வந்தது. துப்புரவுப் பெண்ணுக்கு ஒரு பெயர் வைத்திருந்தார்கள். பொலிஸ் அவளைச் சந்தேகிக்கிறது. கடைசியில் விசாரணை அறை. கமெரா அவள் முகத்துக்குக் கிட்ட வருகிறது. பக்கம் பக்கமாக அவளுடைய வசனம். முதல் வரியை வாசித்தாள்.

‘என்னை ஒருவரும் திரும்பிப் பார்ப்பதில்லை. அதனால்தான் இவ்வளவு நாளும் நான் பிடிபடவில்லை.’

றஞ்சினிக்குக் கண் முட்டியது. சிரிப்பும் முட்டியது. இரண்டையும் அடக்க முடியாமல் கிளமென்றுக்கு அழைத்து, தன்னை மறந்து எழும்பி நின்று கத்தினாள்.

“இஞ்சாருங்கோ! கொலை செய்தது நான்தானப்பா! நான்தான்!”

பஸ்ஸில் இருந்த அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள். முன் இருக்கையில் மரக்கறிப் பையோடு இருந்த தமிழ் அம்மா ஒருத்திக்கு மட்டும்தான் சொன்னது விளங்கியது. பையை மடியோடு அணைத்துக்கொண்டு கேட்டாள்.

“ஆரைப் பிள்ளை?”

“என்ர மச்சானை!” என்றாள் றஞ்சினி, முகமெல்லாம் பல்லாக.