வாள் இல்லாத கை

பழந்தாளும் இயந்திர எண்ணெயும் கலந்த வாடை. கால் தானாக நின்றுவிட்டது. இந்த ஜெர்மானிய ஊரில் ஞாயிறுதோறும் பழம்பொருள் சந்தை கூடும். சந்தை என்று பேர். கூவல் இல்லை, பேரம் இல்லை, பிணம் எடுத்த வீட்டு அமைதி. பழைய தையல் மிஷின்களுக்கு நடுவே படக்கதைக் கட்டுகள். போர் முடிந்த கொஞ்ச காலத்தில் தொடங்கி இன்னும் வந்துகொண்டிருக்கும் ஒரு மாவீரனின் கதை. முதலில் கறுப்பு வெள்ளையில் நீளவாட்டுச் சிறு இதழ்கள், பிறகு வண்ணம். ஓவியர்கள் மாறினார்கள், பதிப்பகம் கைமாறியது, வீரனுக்கு மட்டும் வயதாகவில்லை. கடைக்காரக் கிழவர் தொடக்க கால இதழ் ஒன்றைப் பிரித்தார். ஓங்கிய கை, அதில் ஒன்றுமில்லை. எதிரி காயமில்லாமல் சாய்கிறான். பிள்ளைகள் கெட்டுப்போவார்கள் என்று அரசு கண்டித்ததால், அச்சேறும் முன் வாள்களை அழித்துவிடுவார்களாம். என் வலது கையைச் சட்டைப் பைக்குள் திணித்துக்கொண்டேன். "கால்ட், யா?" என்றார், குளிர்கிறதாக்கும் என்று நினைத்து. தன் ஃபிளாஸ்கிலிருந்து காபி ஊற்றி நீட்டினார்.

அந்த வெறுங்கையை எனக்குத் தெரியும். எழுபதுகளின் கடைசியில் குமாரபாளையத்தில் நானும் ராசுவும் ஒரே கொட்டகையில் விசைத்தறி ஓட்டினோம். முதலாளி வாங்கிய பழைய ஜெர்மன் மிஷினின் பெட்டிக்குள் இந்த இதழ்கள்தான் கசக்கித் திணிக்கப்பட்டு வந்தன. ராசு ஒவ்வொன்றாக நீவி எடுத்தான்.

"ஏண்டா மாப்ளே, வெறுங்கையில என்னத்த ஓங்கறான்? கொசு அடிக்கறானா?"

முந்தின நாள்தான் முதலாளி ஒரு வயசாளியை எல்லார் முன்னாலும் அறைந்திருந்தார். சாப்பாட்டு வேளையில் நான் பென்சிலை எடுத்தேன். வீரன் கையில் நாடா வரைந்தேன். தறியில் குறுக்கே பாயுமே, இரும்பு முனை வைத்த மரக்கட்டை, அது. சாய்கிறவனுக்கு முதலாளியின் முறுக்கு மீசை. தூணில் ஒட்டினேன். கொட்டகையே சிரித்தது.

சாயங்காலம் முதலாளி மூன்று ஆட்களோடு வந்தார். தறிகள் ஒவ்வொன்றாக நின்றன.

"எவன்டா வரைஞ்சது?"

எல்லோருக்கும் தெரியும். ஒருவரும் வாய் திறக்கவில்லை. பென்சில் என் மடியில். இதழ்க் கட்டு ராசுவின் பையில் இருந்ததால் அவனை இழுத்தார்கள். வலது கையைத் தறிச் சட்டத்தில் அழுத்தி, நாடாவாலேயே அடித்தார்கள். முதல் அடியில் தோல் பிய்ந்தது. மூன்றாவதில் காய்ந்த சோளத்தட்டு ஒடிகிற சத்தம். நெய்துகொண்டிருந்த வெள்ளைத் துணியில் ரத்தம் தெறித்தது. மறுபடி ஓங்கினார்கள்.

"நாந்தானுங்க," என்றான் ராசு.

அதற்குப் பிறகும் அடித்தார்கள். நான் நின்றுகொண்டே இருந்தேன்.

காகிதத்து வாளுக்கு அஞ்சிய இந்த நாட்டுக்கு நான் கிளம்பிய அன்று, ராசு ஈரோடு ரயிலடி வரை வந்தான். இடது கையால் என் பெட்டியைத் தூக்கி ஏற்றினான். வலது கையில் விரல்கள் மடங்கவில்லை.

"ராசு, அன்னிக்கு நானு..."

"அன்னிக்கே பேசியிருக்கோணும் மாப்ளே. வண்டி பொறப்படுது, ஏறு."